எதிர்வசனம்

“கதவைத் திற” என்றார் அவர்.

நர்ஸ் கையிலிருந்த மாத்திரை அட்டையைப் போட்டுவிட்டு ஓடினாள். கதவு திறந்துதான் இருந்தது. கேட் வரைக்கும் போய்ச் சந்துக்குள் எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தவள், கட்டிலில் படுத்திருந்தவரையும், பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து படுக்கை விரிப்பை மடித்துக்கொண்டிருந்த அவர் மனைவியையும் மாறி மாறிப் பார்த்தாள்.

“சாவி என்னிடம் இல்லை, எஜமான்” என்றாள் மனைவி. நிமிரக்கூட இல்லை. குரலில் ஏற்றமும் இல்லை, இறக்கமும் இல்லை.

“அப்படியென்றால் உடை.”

சொல்லிவிட்டு அவர் கண்ணை மூடிக்கொண்டார். மூச்சு ஒரு ஒழுங்குக்கு வந்தது.

“ஒண்ணும் இல்லம்மா, நீ உட்காரு. அது மூணாவது அங்கம். கதவை உடைச்சதும் திரை விழுந்துடும். இனி ஒரு மணி நேரம் நிம்மதியா தூங்குவார்.”

நர்ஸ் தலையை ஆட்டினாள். வேலைக்கு வந்து இரண்டு நாள்தான் ஆகிறது, பாவம். இதற்கு முன் அவள் பார்த்த நோயாளிகள் எல்லாம் வலிக்கிறது என்றால் வலிக்கிறது என்று சொல்கிற சாதாரண மனிதர்கள்.

இனி எங்களால் ஆவது ஒன்றுமில்லை, வீட்டில் இருக்கட்டும் என்று ஆஸ்பத்திரியில் சொல்லி அனுப்பி ஐந்து நாள் ஆயிற்று. அந்த ஐந்து நாளில் மனிதர் சொந்தமாக ஒரு வார்த்தை பேசவில்லை. தண்ணீர் வேண்டும் என்றால்கூட ஏதோ ஒரு நாடகத்தில் நாக்கு வறண்டு வந்த வழிப்போக்கன்தான் கேட்டான். போர்வை வேண்டும் என்றால் சிறைக்குள்ளிருந்து ஒரு கைதி கேட்டான். எந்த ஆள் எந்த நாடகம் என்று கண்டுபிடித்து, அதற்குரிய பதிலைச் சொன்னால் அடங்கிப்போவார். சொல்லாவிட்டால் வலதுகை ஆள்காட்டி விரலைத் தூக்கியபடியே கிடப்பார்.

அந்த விரல் அவளுக்குப் பழக்கமான விரல்.

பத்தொன்பது வருடம் மேடை, முப்பத்து மூன்று வருடம் சினிமா. நாடகக் கம்பெனி மேனேஜர் அவருக்கு வைத்த பெயர் உப்பு. “எந்த வேஷத்துல போட்டாலும் கரைஞ்சிடுறான்யா” என்று சலித்துக்கொள்கிற மாதிரி ஆரம்பித்து, “இல்லேன்னா மட்டும் உடனே தெரியுது” என்று முடிப்பாராம். கம்பெனியில் யாருக்குக் காய்ச்சல் என்றாலும் அன்று சாயங்காலம் அந்த வேஷம் அவருக்கு. ஒருநாள் மேடையில் சவுக்கால் அடிக்கிற முதலாளியும் அவர்தான், உள்ளேயிருந்து அடிபட்டு அலறுகிற வேலைக்காரனும் அவர்தான். சினிமாவுக்கு வந்தபிறகு இருநூற்றுப் பன்னிரண்டு படம். டாக்டர், ஸ்டேஷன் மாஸ்டர், ஹெட் கான்ஸ்டபிள், பள்ளிக்கூட வாத்தியார். நீதிபதியாகப் பதினோரு தடவை. கதாநாயகியின் அப்பாவாகப் பதினேழு தடவை. அவர் கல்யாணத்துக்குச் சம்மதிக்காததாலேயே ஓடிய படங்கள் எத்தனையோ. ஊரில் எல்லோருக்கும் முகம் தெரியும், ஒருவருக்கும் பெயர் தெரியாது. “சார், நீங்க எங்க ஸ்கூல்ல கணக்கு எடுத்தீங்கல்ல?” என்று பஸ்ஸில் யாராவது கேட்டால், “ஆமா, நீ ஒழுங்காவே படிக்கலையே” என்று சொல்லிவிட்டு இறங்கிக்கொள்வார்.

கல்யாணமான முதல் வாரமே ஒரு நோட்டைக் கொண்டுவந்து அவள் மடியில் வைத்தார். “இவளே, இதுல என் வசனத்தை விட்டுட்டு மத்தவங்களோடது எல்லாத்தையும் படி.” புது மனைவி அல்லவா, ஆசையாகப் படித்தாள். கதாநாயகி அழுகிற இடத்தில் இவளும் அழுதே படித்தாள். அவர் நோட்டை மூடிவிட்டார்.

“இப்படி வேணாம். நீ அழுதா நான் உன் அழுகைக்குப் பதில் சொல்லிடுவேன். நாளைக்கு மேடையில அந்தம்மா வேற மாதிரி அழுவாங்க, நான் முழிப்பேன். நீ ஆபீஸ்ல நம்பர் சொல்றியே, அப்படிச் சொல்லு.”

அவளுக்கு டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை. அன்றிலிருந்து நாற்பத்து மூன்று வருடம் கொலைகாரர்கள், ராணிகள், குடிகாரர்கள், மாமியார்கள் எல்லோருடைய வசனத்தையும் அவள் நம்பர் சொல்கிற குரலில்தான் சொன்னாள். வெங்காயம் நறுக்கிக்கொண்டே சொன்னாள், இஸ்திரி போட்டுக்கொண்டே சொன்னாள், குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டே சொன்னாள். அவர் விரலைத் தூக்கினால் எதிர்வசனம் வேண்டும் என்று அர்த்தம். தூக்காவிட்டால் அது மௌனம், குறுக்கே வரக்கூடாது. முடிந்ததும், “சரியா இருந்ததா?” என்று கேட்பார். “பரவாயில்ல” என்பாள். அவளுக்கு இதில் ஒரு குறையும் இருந்ததில்லை. தினமும் ஒரு மணி நேரம் புருஷனோடு சண்டை போட்டு, விஷம் வைத்து, காலில் விழுந்து மன்னிப்புக் கேட்டுவிட்டு, அடுப்பைப் பார்க்கப் போகிற பாக்கியம் எத்தனை பெண்களுக்குக் கிடைக்கும்?

முந்தாநாள் சின்னவள் அப்பாவுக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தபோது அவர் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். “அந்தப் பொண்ணை மட்டும் கைவிட்டுடாதீங்க. அவ வயித்துல வளர்றது என் ரத்தம்.” ஸ்பூனைப் போட்டுவிட்டு அவள் சமையலறைக்கு ஓடிவந்தாள். முகமே வெளுத்துவிட்டது.

“அம்மா, எந்தப் பொண்ணும்மா?”

“அது நீ பத்தாவது படிக்கிறப்போ வந்த படம். அந்தக் குழந்தைக்கே இப்போ கல்யாணம் ஆகியிருக்கும், நீ கவலைப்படாதே.”

மகளைச் சிரித்துச் சமாளித்துவிட்டாள். ஆனால் அவளுக்குள் ஒரு பயம் உட்கார்ந்துகொண்டது. பெரியவன் இன்று மூன்று மணி ரயிலில் வருகிறான். அப்பாவும் மகனும் நேருக்கு நேர் பார்த்து ஏழு வருடம் ஆகிறது. இவரோ யார் வாயிலிருந்தாவது கடன் வாங்கித்தான் பேசிக்கொண்டிருக்கிறார். பெரியவன் உள்ளே வருகிற நேரம் பார்த்து அந்தப் பதினோரு நீதிபதிகளில் ஒருவர் கண்ணைத் திறந்துவிட்டால்? ஆயுள் தண்டனைக்குக் குறைந்து ஒரு தீர்ப்பும் சொல்லாதவர்கள் அவர்கள். அவன் அதை வாங்கிக்கொண்டு மிச்ச ஆயுளைக் கழிக்க வேண்டியதுதான்.

நடந்தது இதுதான். பெரியவன் சினிமாவில் எடிட்டர். ஒன்பது வருடத்துக்கு முன்னால் அவன் வேலை செய்த ஒரு படத்தில் அப்பாவுக்கும் வேஷம் கிடைத்தது. ஓய்வுபெற்ற லிப்ட் மெக்கானிக். போலீஸ் தேடுகிற மகன் ஒரு மத்தியானம் வீட்டுக்கு வருகிறான், அப்பா அவனுக்குச் சாப்பாடு போட்டு அனுப்புகிறார், அவ்வளவுதான். நாலு நிமிடம் இருபது செகண்ட். அந்த நாலு நிமிடத்துக்கு இந்த அறையில் பதினோரு நாள் ஒத்திகை நடந்தது. தப்பியோடுகிற மகனின் வசனங்களை அவள்தான் படித்தாள். ஷூட்டிங்கில் ஒரே டேக். முடிந்ததும் லைட் பிடித்துக்கொண்டிருந்தவர் கையிலிருந்ததைக் கீழே வைத்துவிட்டுக் கை தட்டினாராம். அன்று வீட்டுக்கு வந்தவர் சாப்பிட்டு முடித்துக் கைகூடக் கழுவாமல் வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். “இவளே, இதுக்குத்தான் இவ்வளவு நாள் உப்பா இருந்தேன் போல” என்றார்.

படம் போட்டுக் காட்டினார்கள். இஸ்திரி போட்ட சட்டை, மனைவி, மகள் என்று கிளம்பிப் போனார். படத்தில் மகன் வீட்டுக் கதவைத் தட்டுகிறான், கதவு திறக்கிறது, அடுத்து போலீஸ் ஜீப் வந்து நிற்கிறது. நாலு நிமிடம் இருபது செகண்டையும் பெரியவன் வெட்டியிருந்தான். அப்பாவிடம் முன்கூட்டியே சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. அதுதான் அவன் செய்த தப்பு. விளக்கு போட்டதும் அவர் எழுந்து போய் அவன் தோளில் தட்டினார்.

“படம் நல்லா வந்திருக்கு. நல்லா பண்ணியிருக்கீங்க.”

அன்றிலிருந்து ‘நீங்க’தான். வீட்டுக்கு வந்தால், “வாங்க, உட்காருங்க, டீ சாப்பிடுறீங்களா?” தயாரிப்பாளர்களிடம் பேசுகிற அதே மரியாதை. திட்டியிருந்தால் பையன் தாங்கியிருப்பான். இந்த மரியாதையை இரண்டு வருடம் தாங்கினான், அப்புறம் தூரத்து ஊரில் வேலை தேடிக்கொண்டு போய்விட்டான். ஞாயிற்றுக்கிழமை தோறும் அம்மாவுக்குப் போன் வரும். “அப்பா எப்படி இருக்கார்?” என்பான். “இருக்கார்” என்பாள்.

மூன்றரை மணிக்குக் கேட் சத்தம் கேட்டது. சின்னவள் எழுந்து போனாள். பெரியவன் தோள் பையோடு அறை வாசலில் வந்து நின்றான். தலை பாதி நரைத்திருந்தது. ஒரு கையால் நிலையைப் பிடித்துக்கொண்டு செருப்பைக் கழற்றக் குனிந்தான்.

கட்டிலிலிருந்து குரல் வந்தது. “வந்துட்டியா. செருப்பைக் கழட்டாதே. அப்படியே வா.”

“பார்த்தியாண்ணா, அப்பா உன்னை வான்னு கூப்பிடுறார்” என்று சின்னவள் அவன் கையைப் பிடித்தாள். அவள் கண் நிறைந்துவிட்டது. அவனோ குனிந்தது குனிந்தபடியே நின்றான்.

அம்மாவுக்குக் கை மடியிலேயே நின்றுவிட்டது. இருநூற்றுப் பன்னிரண்டு படம், அறுபது எழுபது நாடகம், அத்தனையும் இருக்க இதுவா வரவேண்டும்? தியேட்டரில் ஒரு ஜீவன்கூடக் கேட்காத வசனம் இது. இந்த வீட்டில் இது தெரிந்தவர்கள் மூன்றே பேர். சொன்னவர், படித்துக்கொடுத்தவள், வெட்டியவன். எடிட்டிங் டேபிளில் உட்கார்ந்து அவன் இதை முந்நூறு தடவையாவது பார்த்திருப்பான்.

பெரியவன் பாதி கழற்றிய செருப்பில் மறுபடி காலை நுழைத்துக்கொண்டு உள்ளே வந்தான். நர்ஸ் எழுந்து கொடுத்த ஸ்டூலில் உட்கார்ந்தான். அவர் விரல் போர்வைக்கு மேலே எழுந்தது.

“பசிக்குதுப்பா” என்றாள் அம்மா, நம்பர் சொல்கிற குரலில்.

“தெரியும். மூடி வச்சிருக்கேன். மெதுவா சாப்பிடு.”

விரல் இறங்கியது. இது சாப்பிடுகிற மௌனம். இதற்கு அவர் மனசுக்குள் நாற்பது எண்ணுவார். அவளும் எண்ணினாள். சின்னவள் ஏதோ சொல்ல வாயெடுத்தாள், அம்மா அவள் மணிக்கட்டைப் பிடித்து அழுத்தினாள். முப்பத்தெட்டு, முப்பத்தொன்பது, நாற்பது. விரல் எழுந்தது. நெஞ்சில் மூச்சு தங்கவில்லை, குரலில் பாதி காற்றுதான், ஆனாலும் கணக்கு ஒன்றுகூடத் தப்பவில்லை.

“கீழ யாராவது நிக்கிறாங்களாப்பா?”

“நிப்பாங்க. லிப்ட் வேலை செய்யாது. நான்தான் கழட்டி வச்சிருக்கேன். நாலு மாடி ஏறி வரட்டும். நீ சாப்பிடு.”

மறுபடியும் விரல் எழுந்தது.

அடுத்த வசனம் அவள் நாக்கு நுனியில் இருந்தது. இரண்டே இரண்டு சொல்லும் ஒரு கேள்விக்குறியும். வாயைத் திறந்தவள் மூடிக்கொண்டாள். இந்த நாற்பத்து மூன்று வருடத்தில் அவள் எதிர்வசனம் கொடுக்கத் தவறியது கிடையாது. கையைச் சுட்டுக்கொண்டபோதும் கொடுத்தாள், அவளுடைய அப்பா செத்த செய்தி வந்த வாரத்திலும் கொடுத்தாள். இன்றைக்குக் கொடுக்கவில்லை. இது நான் சொல்ல வேண்டியது இல்லை என்று அவளுக்குப் பட்டது, அவ்வளவுதான். பெரியவனைப் பார்த்தாள்.

விரல் காற்றில் நின்றது. மெல்ல நடுங்க ஆரம்பித்தது. எவ்வளவு நேரம் அந்த விரல் தாங்கும் என்று தெரியவில்லை. பெரியவன் அம்மாவைப் பார்த்தான், விரலைப் பார்த்தான். அவள் மனசுக்குள், சொல்லுடா, சொல்லித் தொலைடா என்று கெஞ்சிக்கொண்டிருந்தாள்.

“என்மேல கோபமாப்பா?”

பாதியில் அவன் குரல் உடைந்துவிட்டது. அந்தப் படத்து நடிகன் இதை ரொம்பச் சாதாரணமாக, வாயில் சாப்பாட்டோடு கேட்பான். பதில் சொல்லும்போது அவர் தட்டைத்தான் பார்ப்பார், நிமிர மாட்டார். இப்போது தலையணையில் அவர் தலை திரும்பியது. திரும்புவதற்கே ரொம்ப நேரம் பிடித்தது. பெரியவன் முகத்தில் வந்து கண் நின்றது.

“கோபப்பட இனிமே நேரம் எங்கடா இருக்கு. நீ சாப்பிடு.”

எழுதியிருந்தது அப்படியே. ஒரு எழுத்து கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை.

சின்னவள் சத்தமாகவே அழுதுவிட்டாள். பெரியவன் அழவில்லை, முழங்கையை முழங்காலில் ஊன்றி, கையை வாயில் வைத்து அழுத்திக்கொண்டு அவரையே பார்த்தபடி இருந்தான். பிறகு அவர், “கிளம்பு. திரும்பிப் பார்க்காதே” என்றார்.

அவன் எழுந்தான். சின்னவள், “எங்கேண்ணா போறே?” என்று கேட்டதற்கு அவன் பதில் சொல்லவில்லை. சீன் அப்படி. செருப்புச் சத்தம் கூடத்தைக் கடந்து, வாசலைக் கடந்து, கேட்டுக்கு வெளியே போய் நின்றது. அவன் திரும்பிப் பார்க்கவில்லை. போர்வை மேல் அவர் கை மெதுவாக வட்டமாகச் சுற்ற ஆரம்பித்தது. நர்ஸ் பதறி எழுந்தாள். அம்மா அவளைக் கையமர்த்தினாள். மகன் சாப்பிட்டுப் போன தட்டை அவர் கழுவிக்கொண்டிருக்கிறார். அதற்கு ஐம்பது செகண்ட்.

கழுவி முடிந்தது. அவர் மனைவி பக்கம் பார்த்தார். இந்த முறை விரல் எழவில்லை.

“சரியா இருந்ததா?”

ஐந்து நாளில் முதல் தடவையாக அது அவருடைய குரல். அவளுக்கு அடிவயிற்றிலிருந்து ஒரு சந்தோஷம் கிளம்பி மேலே வந்தது. இந்த ஒரு கேள்வியைக் கேட்பதற்காவது மனிதர் திரும்பி வந்தாரே என்று கையெடுத்துக் கும்பிட வேண்டும் என்றிருந்தது. பரவாயில்ல என்று சொல்லிச் சொல்லிப் பழகிய வாய். அதை அவள் அன்றைக்கு ஒதுக்கி வைத்தாள்.

“ரொம்ப நல்லா இருந்துச்சுங்க. இதைவிட நல்லா யாராலும் பண்ண முடியாது.”

“அப்போ சரி” என்றார்.

அதற்குப்பிறகு அவர் பேசவில்லை. அரை மணி கழித்துப் பெரியவன் உள்ளே வந்தான். முகம் கழுவியிருந்தான். அப்பாவின் காலை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தவன், சாப்பிடக் கூப்பிட்டதற்கும் எழுந்து வரவில்லை. மறுநாள் காலை ஏழு மணிக்கு, டீ கொதிக்கிற நேரத்தில், மூச்சு நின்றது. நர்ஸ்தான் முதலில் பார்த்தாள். வழக்கமான அந்த ஒரு மணி நேரத் தூக்கம் என்று நினைத்துவிட்டேன் என்று அம்மாவிடம் சொல்லிச் சொல்லி அழுதாள். அம்மாதான் அவளைச் சமாதானப்படுத்த வேண்டியிருந்தது.

பத்து மணிக்குள் வீடு நிறைந்துவிட்டது. சினிமாக்காரர்கள் வந்தார்கள், பழைய நாடகக் கம்பெனி ஆட்கள் வந்தார்கள், சந்தில் இருந்தவர்கள் எல்லோரும் வந்தார்கள். கூடத்தில் அவரைக் கிடத்தியிருந்த இடத்துக்குப் பக்கத்திலேயே நாடகக்காரர்கள் இருவர், சவுக்கடி நாடகத்தில் அவர் அடித்தது நன்றாக இருந்ததா, அலறியது நன்றாக இருந்ததா என்று மெல்லிய குரலில் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். அவர் எழுந்து வந்தால் அதைத்தான் முதலில் கேட்பார் என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

பதினொரு மணி வாக்கில் ஐம்பது அறுபது வயதுள்ள ஒருவர் கேட்டருகே தயங்கி நின்றார். அவரை யாருக்கும் தெரியவில்லை. அவளே எழுந்து போனாள்.

“டாக்டர் வீடு இதுதானேம்மா? டீக்கடை டிவியில சத்தமில்லாம போட்டோ மட்டும் ஓடுச்சு. விசாரிச்சு வந்தேன்.”

“உள்ள வாங்க.”

“பதினாறு வருஷத்துக்கு முன்னாடிம்மா. என் வீட்டம்மாவுக்குத் திடீர்னு ஆபரேஷன். வராந்தாவுல ஒத்தையா உட்கார்ந்து அழுதுட்டிருந்தேன். அந்தப் பக்கமா போனவர், நின்னு தோள்ல கைய வச்சு, பயப்படாதீங்க, நல்ல கையிலதான் இருக்காங்கன்னு சொன்னார். சொல்லிட்டுப் போகலம்மா. நாலு மணி நேரம் என் பக்கத்துலயே உட்கார்ந்திருந்தார். எந்த டாக்டரும்மா அப்படி உட்காருவார்? நன்றி சொல்ல அன்னிக்கே தேடினேன், யாருக்கும் தெரியல.”

அவளுக்கு அந்த நாள் நினைவுக்கு வந்தது. இருமலைக் காட்டிவிட்டு வருகிறேன் என்று வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரி போன மனிதர், சாப்பாட்டு நேரம் தாண்டி வந்தார். “இவளே, ஒருத்தர் என்னை டாக்டர்னு நினைச்சிட்டார். நான் இல்லேன்னு சொல்லல. தப்பா?” என்று திருடி மாட்டிக்கொண்டவர் மாதிரி நின்றார். யாரும் கூப்பிட்டுக் கொடுக்காத, யாரும் படம் பிடிக்காத வேஷம்.

“உங்க வீட்ல இப்போ எப்படி இருக்காங்க?” என்று கேட்டாள்.

“நல்லா இருக்காளும்மா. இதோ, பின்னாடிதான் நிக்கிறா.”

அவர் முதுகுக்குப் பின்னால் நின்ற அம்மாள் கை குவித்தாள். இவள் அந்தக் கைகளைப் பிடித்துக்கொண்டாள். “ஆமாங்க, டாக்டர் வீடுதான். வாங்க, வந்து பாருங்க” என்று இருவரையும் உள்ளே கூட்டிப்போனாள்.

வண்டி வர ஒரு மணி ஆகும் என்றார்கள். வந்தவர்களுக்குத் தண்ணீர் எடுக்கச் சமையலறைக்குப் போனவள் பின்னாலேயே பெரியவன் வந்தான். கதவைச் சாத்திவிட்டுச் சமையல் மேடையில் சாய்ந்து நின்றான்.

“அம்மா, நேத்து அது அந்தச் சீன்.”

“தெரியும்.”

“என்கிட்ட சொன்னாரா, அந்த நடிகன்கிட்ட சொன்னாரான்னு விடிய விடிய யோசிச்சிட்டிருந்தேன்.”

அவள் டம்ளர்களை வரிசையாக வைத்தாள். “என்னை ஏன் நம்பர் சொல்ற மாதிரி படிக்க வச்சார் தெரியுமா? மனசோட கேட்டா, அவர் கேட்கிற ஆளுக்குப் பதில் சொல்லிடுவாராம், வேஷத்தை விட்டுடுவாராம். கல்யாணம் ஆன புதுசுல என்கிட்ட சொன்னது. நேத்து நீ நம்பர் சொல்ற மாதிரியா கேட்டே?”

அவன் குழாயைத் திறந்து முகத்தில் தண்ணீர் அடித்துக்கொண்டான். முதுகைக் காட்டியபடியே பேசினான்.

“நான் ஏன் வெட்டினேன்னு அவர்கிட்ட சொல்லவே இல்லம்மா. அந்தச் சீன் இருந்தா படம் அங்கயே முடிஞ்சிடுது. அதுக்கு மேல ஒரு மணி நேரம் அந்தப் பையன் ஓடுறான், சண்டை போடுறான், யாருக்கு வேணும்? அந்த லிப்ட் மெக்கானிக் என்ன ஆனார்னுதான் எல்லாரும் யோசிச்சிட்டு உட்கார்ந்திருப்பாங்க. பத்து தடவை வச்சுப் பார்த்தேன், பத்து தடவை எடுத்துப் பார்த்தேன். அவ்வளவு நல்லா பண்ணிட்டார். இதைச் சொன்னா, சமாதானத்துக்குச் சொல்றேன்னு நினைப்பார்னு பயந்தேன்.”

“அவருக்குத் தெரியும்டா.”

அவன் திரும்பினான்.

“அன்னிக்குப் படம் பார்த்துட்டு வந்து, பல் தேய்ச்சிட்டே சொன்னார். ‘சரியாத்தான் வெட்டியிருக்கான்’னு. உன்கிட்ட சொல்லக்கூடாதுன்னும் சொன்னார்.”

“அப்புறம் ஏம்மா ஒன்பது வருஷம்?”

“தப்பா வெட்டியிருந்தா அன்னிக்கே உன்னை நாலு வார்த்தை திட்டி முடிச்சிருப்பார். சரியா வெட்டிட்டே. அதான் இவ்வளவு நாளாச்சு.” அவள் தண்ணீர் ஊற்றுவதை நிறுத்தினாள். “நானாவது உன்கிட்ட சொல்லியிருக்கணும், என் தப்புதான். அவர் வசனத்தை விட்டுட்டுப் படிச்சே பழகிட்டேன்டா.”

பெரியவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரிப்பு பாதியில் அழுகையாகிப் போயிற்று. அம்மா தோளில் முகத்தை வைத்துக்கொண்டு சின்னப் பையன் மாதிரி அழுதான். அவள் ஈரக் கையோடு அவன் முதுகைத் தடவிக்கொடுத்தாள். அவர் இருந்த வரைக்கும் இருந்தார், இவன் வந்து சேர்வதற்குள் போய்விடவில்லை, கேட்க வேண்டியதை இவன் கேட்டுவிட்டான். இதற்கு மேல் என்ன வேண்டும் என்று இருந்தது அவளுக்கு.

வண்டி வந்துவிட்டது என்று சின்னவள் கதவைத் தட்டினாள்.

சந்து குறுகலானது. வண்டி மூலையிலேயே நின்றுவிட்டது. அங்கே போக நூறு நூற்றைம்பது அடி இருக்கும். குழாய் பதிக்கத் தோண்டியவர்கள் அரைகுறையாக மூடிவிட்டுப் போயிருந்தார்கள். ஸ்ட்ரெச்சரை நாலு பேர் தூக்கினார்கள். பெரியவன் தலைமாட்டுப் பக்கம் பிடித்துக்கொண்டான்.

“கொஞ்சம் வேகமா வாங்க சார், வண்டியை அங்க ரொம்ப நேரம் நிறுத்த முடியாது” என்றார் முன்னால் பிடித்திருந்த வண்டிக்காரர்.

“நிக்கட்டும். மெதுவாவே போவோம்” என்றான் பெரியவன்.

அவள் கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நாலடி போனதும் பெரியவன் அப்பாவின் காதருகே குனிவது தெரிந்தது.

“இங்க பள்ளம் இருக்குப்பா, பார்த்து.”

இன்னும் கொஞ்ச தூரம் போனார்கள். “தண்ணி தேங்கியிருக்கு. இந்த ஓரமா போயிடலாம்ப்பா.” அதற்கப்புறம் சொன்னது அவளுக்குச் சரியாகக் கேட்கவில்லை. குனிவதும் நிமிர்வதும் மட்டும் தெரிந்தது. மூலை திரும்புகிற வரைக்கும் அவன் சொல்லிக்கொண்டேதான் போனான்.